போனில் கூப்பிடாதீர்கள், தாளில் கூப்பிடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தாமிரபரணித் தென்கரையில் ஒரு சின்ன ஊரில் பலசரக்குக் கடை வைத்திருக்கிறேன். இருபத்தாறு வருஷமாக உங்கள் பத்திரிகைதான் எங்கள் கடையில் கிடக்கும். காலையில் பால் வாங்க வருகிறவர்கள் நின்றபடியே படித்துவிட்டு, மடிப்பைக் கலைத்துப் போட்டுவிட்டுப் போவார்கள். அதன் உள்பக்கத்தில் அடிக்கடி ஒரு நாலு வரிச் செய்தி வரும். மதுரை ஐகோர்ட் கிளையில் இன்னார் மனு, விசாரணை என்ற பெயரில் போலீசார் துன்புறுத்தக் கூடாது என்று உத்தரவிடக் கோரிக்கை, அவ்வளவுதான் இருக்கும். அதைப் படிக்கும்போதெல்லாம் "ஒண்ணும் செய்யாதவன் எதுக்குக் கோர்ட்டுக்குப் போறான்" என்று நினைத்தவன்தான் நானும். முந்தின வருஷம் ஐப்பசியில் அந்த நாலு வரிக்குள் நானே போய் உட்கார வேண்டியதாயிற்று. அதனால்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளமாகத்தான் இருக்கும். எங்கே வேண்டுமானாலும் வெட்டிக்கொள்ளுங்கள், அந்தத் தாள் விஷயத்தை மட்டும் வெட்டிவிடாதீர்கள்.

நடந்தது இதுதான். என் மச்சினன் ஒரு குட்டியானை வண்டி வாங்குவதற்காகப் பக்கத்து ஊர்க்காரர் ஒருவரிடம் இரண்டு லட்சம் ரூபாய் வாங்கினான். நூற்றுக்கு மூணு வட்டி. புரோநோட் எழுதி, ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டி, அவன் கையெழுத்துப் போட்டான். சாட்சிக்கு யார் என்று கேட்டபோது, வீட்டுக்காரி முகத்தைப் பார்த்துக்கொண்டு நானும் ஒரு கையெழுத்துப் போட்டேன். ஒன்றரை வருஷம் வட்டி ஒழுங்காகப் போயிருக்கிறது. அப்புறம் வண்டி ஒரு தடவை குப்புறக் கவிழ்ந்து, லோடும் போய், அவன் போனை அணைத்துவிட்டுத் திருப்பூர் பக்கம் போய்விட்டான். தப்பு அவன் பேரில்தான், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பணம் கொடுத்தவர் கோர்ட்டுக்குப் போயிருக்கலாம். அவர் ஸ்டேஷனுக்குப் போனார்.

ஒரு செவ்வாய்க்கிழமை, கடையில் நல்ல கூட்டம், போன் வந்தது. "ஸ்டேஷன்ல இருந்து பேசுதோம். ஐயா வரச் சொன்னாவ. ஒரு சின்ன என்கொயரி, வந்துட்டுப் போயிருங்க." என்ன விஷயம் என்று கேட்டதற்கு, "வாங்க, வந்தாத் தெரியும்." அவ்வளவுதான். யார் பேசினார், எந்த மனு, எந்தத் தேதி, எத்தனை மணி, எதுவும் கிடையாது. நான் கல்லாவைப் பூட்டிவிட்டுப் போனேன். 2020 ஜூனுக்கு அப்புறம் எங்கள் பக்கத்தில் ஒரு கடைக்காரனை ஸ்டேஷனில் இருந்து கூப்பிட்டால் அவன் வீட்டில் என்ன நினைப்பார்கள் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. சாத்தான்குளத்தில் போலீஸ் அடித்ததில் இறந்துபோன அந்தத் தகப்பனும் மகனும் செல்போன் கடைக்காரர்கள்தானே. நான் சட்டையைப் போடும்போதே என் மனைவி அழ ஆரம்பித்துவிட்டாள்.

முதல் நாள் காலை பத்து மணியில் இருந்து சாயங்காலம் ஐந்து வரை தகரக் கொட்டகைக்குக் கீழே ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். மழை. தகரத்தில் ஒரு ஓட்டை, சரியாகப் பெஞ்சின் வலது ஓரத்தில் சொட்டும், அதனால் எல்லாரும் இடது பக்கமே நெருக்கி உட்கார்ந்திருந்தோம். ஐயா பந்தோபஸ்துக்குப் போயிருப்பதாகச் சொல்லி, நாளைக்கு வரச் சொல்லி அனுப்பிவிட்டார்கள். இரண்டாம் நாள் இரவு ஒன்பது மணி வரைக்கும். அன்றைக்குக் கடையில் பால் பாக்கெட் அத்தனையும் திரிந்து போனது. அந்த நாளில்தான் விஷயமே தெரிந்தது. அடுத்த தடவை என் மாமனாரையும் கூட்டிக்கொண்டு வரச் சொன்னார்கள். அவருக்கு வயது 71, சுகர், நடக்கவே சுவரைப் பிடிக்கிறவர். மகன் வாங்கின கடனுக்கு அவரையும் அந்தப் பெஞ்சில் உட்கார வைத்தார்கள். சொட்டு விழாத பக்கம்தான், அதையும் சொல்லிவிடுகிறேன்.

மூன்றாம் நாள் ரைட்டர் ஒரு வெள்ளைத்தாளும் பேனாவும் எடுத்துப் போட்டார். "நான் சொல்லச் சொல்ல எழுதும்." மேற்படி தொகை வட்டியுடன் இரண்டு லட்சத்து நாற்பதாயிரம், அதை வரும் 15 நாட்களுக்குள் நானே பொறுப்பேற்றுச் செலுத்திவிடுகிறேன் என்று ஒரு வரி. தவறினால் என் மீது எடுக்கும் எந்த நடவடிக்கைக்கும் கட்டுப்படுகிறேன் என்று இன்னொரு வரி. கடைசி வரி, இதை யாருடைய தூண்டுதலும் கட்டாயமும் இல்லாமல் சுயநினைவோடு மனப்பூர்வமாக எழுதிக் கொடுக்கிறேன். இந்தக் கடைசி வரியைச் சொல்லும்போது அவர் வாழைக்காய் பஜ்ஜி தின்றுகொண்டிருந்தார். பஜ்ஜி எண்ணெயை ஒற்றி எடுத்தது உங்கள் பத்திரிகைத் தாள்தான், எழுத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டேன். முதல் வரியைப் பாதி எழுதியதும் எனக்குக் கை ஓடவில்லை. "ஐயா, சாட்சிக் கையெழுத்துப் போட்டவன் பணம் கட்டணும்னு இருக்கா?" என்று கேட்டேன். "போடும்போது இனிச்சுதோ?" என்றார் பக்கத்தில் நின்றவர். கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டேன், எழுத்துத் தெரியவில்லை, நாளைக்கு வந்து எழுதித் தருகிறேன் என்று ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு மாமனாரைக் கைத்தாங்கலாகப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தேன். கண்ணாடி சட்டைப் பையில்தான் இருந்தது.

அன்று ராத்திரியே பாளையங்கோட்டையில் வக்கீலாக இருக்கிற என் சிநேகிதன் மகனுக்குப் போன் போட்டேன். அவன் முதலில் கேட்டது, "மாமா, எஃப்.ஐ.ஆர். போட்டிருக்காங்களா?" இல்லை. "சி.எஸ்.ஆர். ரசீதாவது காட்டினாங்களா?" புகார் வாங்கியதற்கு ஸ்டேஷனில் கொடுக்கிற ரசீது அது, அதுவும் இல்லை. "எழுத்துல சம்மன் ஏதாவது?" போன்தான். அவன் சிரித்தான். "அப்போ நீங்க மூணு நாள் எங்க போயிருந்தீங்கன்னே ரெக்கார்டுல கிடையாது மாமா."

அந்த வார்த்தை என்னைத் தூங்கவிடவில்லை.

அவன் சொல்லித்தான் எனக்குச் சட்டமே தெரியும். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் போய், பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா வந்துவிட்டது. வக்கீல்கள் இன்னும் பழைய நம்பரையே சொல்கிறார்கள், வேய்ந்தான்குளம் பஸ் ஸ்டாண்டை இருபது வருஷம் தாண்டியும் நாம் 'புது' பஸ் ஸ்டாண்ட் என்கிற மாதிரி. பழைய சட்டத்தில் 160ஆம் பிரிவு, புதியதில் 179. ஒருவரைச் சாட்சியாக விசாரிக்க அழைப்பதென்றால் விசாரணை அதிகாரி எழுத்து மூலம் உத்தரவு கொடுத்துத்தான் அழைக்க வேண்டும் என்று அதில் இருக்கிறது. அதுவும் தன் ஸ்டேஷன் எல்லையிலோ அடுத்த ஸ்டேஷன் எல்லையிலோ இருக்கிறவரைத்தான். பெண்களையும், 15 வயதுக்குக் கீழே உள்ள பையன்களையும், 60 வயது தாண்டிய ஆண்களையும், மாற்றுத்திறனாளிகளையும், கடுமையான நோயில் இருப்பவர்களையும் அவர்கள் வீட்டுக்குப் போய்த்தான் விசாரிக்க வேண்டும். முன்பு 65 என்று இருந்ததைப் புதுச் சட்டத்தில் 60 ஆக்கியிருக்கிறார்கள். பழைய கணக்கோ புதுக் கணக்கோ, என் மாமனார் அந்தப் பெஞ்சுக்கு வந்திருக்கவே வேண்டாம். இன்னொரு வேடிக்கை, வீட்டை விட்டு வேறிடத்துக்கு வரவழைக்கப்படுகிறவருக்கு நியாயமான செலவைக் கொடுக்க மாநில அரசு விதி செய்யலாம் என்றும் அதே பிரிவில் இருக்கிறது. என் பால் பாக்கெட்டை நினைத்துக்கொண்டேன்.

அப்புறம் அவன் சொன்னது, இதற்கென்றே ஒரு மனு இருக்கிறது, வக்கீல்கள் பேச்சில் 'நாட் டு ஹராஸ்' பெட்டிஷன், அதாவது துன்புறுத்தாதே என்று உத்தரவு கேட்கிற மனு. ஐகோர்ட்டுக்கு உள்ள தனி அதிகாரத்தின் கீழே போடுவது, பழைய 482, இப்போது 528. முதலில் எஸ்.பி.க்கு நடந்ததை எல்லாம் தேதி வாரியாக எழுதி, ஒப்புகைச் சீட்டோடு ரிஜிஸ்டர் தபால் அனுப்பச் சொன்னான். போனில் வந்த அழைப்புகளின் பட்டியலை எடுத்து வைக்கச் சொன்னான். புரோநோட்டில் நான் சாட்சி மட்டும்தான் என்பதை மனுவில் தெளிவாக எழுதினான். எஸ்.பி., இன்ஸ்பெக்டர், பணம் கொடுத்தவர், மூன்று பேரும் எதிர்மனுதாரர்கள். வக்காலத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டால் போதும், நான் வர வேண்டிய அவசியமே இல்லை என்றான். எனக்குத்தான் பார்க்க வேண்டும் போல இருந்தது.

மதுரை எங்களுக்கு 160 கிலோமீட்டர். விடியற்காலை பஸ் ஏறி மாட்டுத்தாவணியில் இறங்கி, அங்கிருந்து மேலூர் ரோட்டில் உலகனேரிக்கு இன்னொரு பஸ். 2004 ஜூலை 24இல் இந்தக் கிளையைத் திறப்பதற்கு முன்னால் என்னை மாதிரி ஆட்கள் 600 கிலோமீட்டருக்கு மேல் சென்னைக்கு ஓட வேண்டி இருந்திருக்கும், அந்த வகையில் புண்ணியம்தான். உள்ளே போனால் லிஸ்ட்டில் இந்த மாதிரி மனுக்களே வரிசையாக நிற்கின்றன. பாதைத் தகராறு, வாடகைப் பாக்கி, அண்ணன் தம்பி பாகப்பிரிவினை, சீட்டுப் பணம், கல்யாணம் முறிந்து நகை திருப்பிக் கேட்கிற விவகாரம். என் நம்பர் வந்தது, வக்கீல் எழுந்தார், அரசு வக்கீல் மனு விசாரணை நிலுவையில் இருப்பதாகச் சொன்னார், நீதிபதி நாலு வரி சொன்னார், முடிந்துவிட்டது. ஒரு டீ ஆறுகிற நேரம் கூட ஆகவில்லை. இதற்காகவா இவ்வளவு தூரம் என்றிருந்தது.

ஆனால் அந்த உத்தரவின் நகல் கையில் வந்தபோது நிதானமாகப் படித்தேன். புகாரில் சம்பந்தப்பட்டவரையோ சாட்சியையோ அழைப்பதென்றால், எந்தத் தேதி எத்தனை மணி என்று குறிப்பிட்டு எழுத்து மூலம் சம்மன் கொடு. விசாரணையில் நடந்ததை ஸ்டேஷன் டைரியில் பதிவு செய். வருகிறவரைத் துன்புறுத்தாதே. லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னபடி நட. சென்னை ஐகோர்ட் இந்த வகை மனுக்களில் வழக்கமாகச் சொல்கிற வழிகாட்டுதல் இதுதான் என்று வக்கீல் சொன்னான். லலிதா குமாரி வழக்கு என்பது 2013 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் கொடுத்த தீர்ப்பு. போலீஸ் நேரடியாக நடவடிக்கை எடுக்கக்கூடிய குற்றம் புகாரில் தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும். குடும்பத் தகராறு, கொடுக்கல் வாங்கல் மாதிரி சில வகைகளில் மட்டும் அப்படிக் குற்றம் இருக்கிறதா என்று பார்க்க ஒரு ஆரம்ப விசாரணை நடத்தலாம், அதையும் நாள் கணக்கு வைத்து முடிக்க வேண்டும். ஒன்றும் இல்லை என்று மூடினால், புகார் கொடுத்தவருக்கு ஒரு வாரத்துக்குள் அதன் நகலைக் கொடுக்க வேண்டும். புதுச் சட்டத்திலும் 3 வருஷமோ அதற்கு மேலோ, ஆனால் 7 வருஷத்துக்குக் குறைவாகத் தண்டனை உள்ள குற்றங்களுக்கு டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாளில் ஆரம்ப விசாரணை என்று வைத்திருக்கிறார்கள். எல்லாமே ஒரே இடத்துக்குத்தான் வருகிறது. குற்றம் இருந்தால் வழக்குப் போடு, இல்லையென்றால் மனுவை முடி. நடுவில் ஒரு பெஞ்சைப் போட்டு ஆளை உட்கார வைக்கிற மூன்றாவது வழி சட்டத்தில் இல்லை.

உத்தரவைக் கொண்டுபோய் ஸ்டேஷனில் கொடுத்தபோது எஸ்.ஐ. நாற்காலி போடச் சொன்னார். "இதுக்கெல்லாம் மதுரை வரைக்கும் போகணுமா அண்ணாச்சி? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நாங்களே முடிச்சிருப்போமே" என்றார். மூன்று நாளில் என்னை யாரும் அண்ணாச்சி என்று கூப்பிடவில்லை. சரி, போகட்டும். அன்றிலிருந்து ஒரு போன் வரவில்லை. எழுத்து மூலம் சம்மனும் வரவில்லை. அது ஏன் வரவில்லை என்று யோசித்தபோதுதான் எனக்கு முழுசாகப் புரிந்தது. சம்மன் எழுதுவதென்றால் எந்த வழக்கில், எதற்காக என்று ஒரு வரி எழுதியாக வேண்டும். இங்கே எழுத ஒன்றுமே இல்லை. போனில் "வந்தாத் தெரியும்" என்று சொல்லலாம், தாளில் அப்படி எழுதிக் கீழே முத்திரை வைக்க முடியாது.

இனிமேல் சொல்வது எனக்கே கொஞ்சம் சங்கடம். ஏழெட்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு கொத்தனார் கடையில் எட்டாயிரத்துச் சொச்சம் பாக்கி வைத்துவிட்டு இன்றைக்கு நாளைக்கு என்று இழுத்தடித்தார். நான் கோர்ட்டுக்குப் போகவில்லை. கடைக்குச் சாமான் வாங்க வருகிற ஏட்டையா ஒருவரிடம் சொன்னேன். அவர் அங்கேயே நின்றுகொண்டு ஒரு போன் போட்டார், அரை நிமிஷம் கூடப் பேசவில்லை. மறுநாள் காலையிலேயே பணம் வந்தது. அன்றைக்கு எனக்கு இனித்தது, ஏட்டையாவுக்கு இரண்டு கிலோ சீனியும் மசாலாவும் சும்மாவே கட்டிக் கொடுத்தேன். மதுரையில் இருந்து பஸ்ஸில் திரும்பி வரும்போது, கோவில்பட்டி தாண்டி எங்கேயோ, அந்தக் கொத்தனார் பணத்தைக் கொண்டுவந்து கல்லாவில் வைத்தபோது கூட நின்ற அவர் மனைவியின் காதில் கம்மல் இல்லாமல் வேப்பங்குச்சி சொருகியிருந்தது ஞாபகத்துக்கு வந்தது. அதை அன்றைக்கே பார்த்தேன். பார்க்காத மாதிரி எண்ணி வாங்கிப் போட்டுக்கொண்டேன்.

ஆகவே போலீஸ்காரர்களை மட்டும் திட்டிக் கடிதம் எழுத எனக்கு வாய் இல்லை. கட்டப்பஞ்சாயத்து என்பது ஸ்டேஷன் வாசலில் தானாக முளைக்கவில்லை, நாம்தான் விதையைக் கையில் எடுத்துக்கொண்டு போகிறோம். ஏன் போகிறோம்? முன்சீப் கோர்ட்டில் ஒரு புரோநோட் வழக்கு எத்தனை வாய்தா போகும் என்று எல்லாருக்கும் தெரியும். பணம் கொடுத்தவருக்கும் அவருடைய நியாயம் உண்டு. ஆனாலும் சில விஷயங்கள் அவருக்கும் தெரியாது, எனக்கும் அதற்கு முன்னால் தெரியாது. தமிழ்நாட்டில் கோர்ட் கட்டணம் முன்பு நூற்றுக்கு ஏழரை, 2017இல் அதை 3 ஆகக் குறைத்தார்கள். இரண்டு லட்சத்துக்கு ஆறாயிரம். அதுவும் வேண்டாம் என்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுத்து, வழக்குப் போடும் முன்பே லோக் அதாலத்தில் இரண்டு தரப்பையும் உட்கார வைத்துப் பேசலாம், அதற்குக் கட்டணமே கிடையாது. அங்கே பேசி முடித்து எழுதுகிற தாளுக்குக் கோர்ட் டிகிரியின், அதாவது தீர்ப்பாணையின் மதிப்பு உண்டு. ஸ்டேஷனில் 'யாருடைய கட்டாயமும் இல்லாமல்' எழுதி வாங்குகிற தாளுக்கு அந்த மதிப்பு கிடையாது. புரோநோட்டுக்குக் காலக்கெடு மூன்று வருஷம். ஸ்டேஷன் வாசலில் ஆறு மாசம் எட்டு மாசம் என்று போக்கிவிட்டு, கடைசியில் கெடு தாண்டிப் போய் முதலையும் இழந்தவர்கள் எங்கள் ஊரிலேயே இருக்கிறார்கள்.

போலீஸ் தரப்பிலும் ஒன்று இருக்கிறது. எஸ்.பி. ஆபீஸ் மனு நாளில் கொடுத்த மனு, கலெக்டர் ஆபீஸ் மனு, முதல்வர் தனிப்பிரிவு மனு, எல்லாம் கடைசியில் வந்து விழுகிற மேஜை ஒன்றுதான். அது சிவிலா கிரிமினலா என்று மேலே யாரும் பிரித்து அனுப்புவதில்லை, விசாரித்து அறிக்கை அனுப்பு என்று வரும். இரு தரப்பும் சமாதானம் என்று எழுதினால்தான் கணக்கு முடியும். சிவில் விவகாரம், கோர்ட்டை அணுகவும் என்று எழுதி மூடினால், மனுக் கொடுத்தவர் மறுபடி மேலே போய் ஸ்டேஷனில் காசு வாங்கிவிட்டார்கள் என்று புகார் சொல்வார். என் வக்கீலே சொன்னான், நேர்மையான எஸ்.ஐ.க்குத்தான் இதில் தொல்லை அதிகம் என்று.

இன்னொரு பக்கமும் உண்டு. உண்மையிலேயே மோசடி செய்தவனும் இதே மனுவைப் போட்டு, கோர்ட்டில் ஸ்டே வாங்கிவிட்டேன் என்று ஊருக்குள் மீசையை முறுக்கிக்கொண்டு திரிவான். அது ஸ்டே இல்லை. வழக்குப் பதிவதையோ விசாரிப்பதையோ இந்த உத்தரவு தடுக்காது. எழுத்து மூலம் சம்மன் வந்தால் கண்டிப்பாகப் போய்த்தான் ஆக வேண்டும். போகாமல் இருந்துவிட்டு இந்த உத்தரவைக் காட்டினால் ஒரு பிரயோஜனமும் இல்லை. இதையும் உங்கள் பத்திரிகை அந்த நாலு வரிச் செய்தியோடு ஒரு வரி சேர்த்துப் போட்டால் நல்லது.

கந்துவட்டியையும் சொல்லாமல் முடிக்க முடியாது, ஏனென்றால் நாங்கள் திருநெல்வேலிக்காரர்கள். 2017 அக்டோபர் 23, திங்கட்கிழமை, மனு நாள், கலெக்டர் ஆபீஸ் வளாகத்தில் ஒரு கூலித் தொழிலாளி குடும்பம் தீக்குளித்ததை இந்த மாவட்டத்தில் யாரும் மறக்கவில்லை. கந்துவட்டிக்கு எதிராகத் திரும்பத் திரும்ப மனுக் கொடுத்தும் ஒன்றும் நடக்கவில்லை என்பதுதான் அன்றைக்கு எல்லாரும் பேசியது. அதற்கப்புறம் மனுக் கொடுக்கப் போகிறவர்களின் பையில் மண்ணெண்ணெய் இருக்கிறதா என்று வாசலில் சோதிக்க ஆரம்பித்தார்கள். கந்துவட்டியைத் தடுக்க 2003இலேயே தனிச் சட்டம் போட்ட மாநிலம் இது, அது கிரிமினல் விவகாரம், அதில் போலீஸ் வர வேண்டும். வர வேண்டிய இடத்தில் சிவில் மேட்டர் என்று கையை விரிப்பதும், வரக் கூடாத இடத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவனைப் போன் போட்டுக் கூப்பிடுவதும் ஏன் என்று கேட்டால் பதில் எல்லாருக்கும் தெரியும். யார் முதலில் போய் யாரிடம் பேசினார் என்பதைப் பொறுத்தது.

இப்போது நான் கேட்க வந்ததைச் சொல்லிவிடுகிறேன். நான் சின்னக் கடைக்காரன். இருநூறு ரூபாய்க்குச் சாமான் கொடுத்தாலும் பில் புத்தகத்தில் கார்பன் வைத்து எழுதுகிறேன், வெள்ளைச் சீட்டு வாங்குகிறவருக்கு, மஞ்சள் சீட்டு எனக்கு. ஒரு ஆளை வேலை வெட்டியை விட்டு ஸ்டேஷனுக்கு வரச் சொல்கிறார்கள், அதற்கு ஒரு பில் புத்தகம் கிடையாதா? ஒவ்வொரு ஸ்டேஷனுக்கும் நம்பர் போட்ட சம்மன் புத்தகம் ஒன்று கொடுங்கள். மனு எண், அழைக்கும் அதிகாரி பெயர், தேதி, நேரம், வந்த நேரம், போன நேரம், இரண்டு பக்கமும் கையெழுத்து. வெள்ளைச் சீட்டு எங்களுக்கு. அடிக்கட்டையை மாசம் ஒரு தடவை டி.எஸ்.பி. பார்க்கட்டும். போன் போடுவதானால் போடட்டும், ஆனால் வாட்ஸ்அப்பிலாவது அந்தச் சீட்டை அனுப்பிவிட்டுப் போடட்டும். பெண்களையும் 60 தாண்டினவர்களையும் இங்கே வரச் சொல்லக் கூடாது என்று ஸ்டேஷன் வாசலில், தமிழில், எங்கள் மாமனார் கண்ணுக்குத் தெரிகிற எழுத்தில் ஒரு போர்டு வையுங்கள். எல்லா ஸ்டேஷனிலும் கேமரா வேண்டும், 18 மாதப் பதிவைச் சேமித்து வைக்கிற வசதி வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020 டிசம்பரிலேயே சொல்லிவிட்டது. அந்தக் கேமரா தகரக் கொட்டகைப் பெஞ்சையும் பார்க்கிற மாதிரி இருக்கட்டும்.

இதில் ஒன்றுகூடப் புதுச் சட்டம் கேட்கவில்லை. இருக்கிற சட்டத்தில் இருப்பதையே நடத்தச் சொல்லி ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு ஆளும் மதுரைக்கு பஸ் ஏறுகிறான். எனக்கு வக்கீல், தபால், டைப்பிங், பஸ், சாப்பாடு என்று பன்னிரண்டாயிரம் செலவு. சிநேகிதன் மகன் என்பதால் இதோடு போயிற்று. ஒரு பீடி சுற்றுகிற அம்மாவுக்கு இது எத்தனை ஆயிரம் பீடி என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன், முடிக்காமல் விட்டுவிட்டேன். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசச் சட்ட உதவி உண்டு என்பது 1987ஆம் வருஷத்துச் சட்டம். ஸ்டேஷன் போர்டில் அதற்கும் ஒரு வரி இடம் கொடுக்கலாம்.

மச்சினன் தை மாசம் திரும்பி வந்தான். வண்டியை விற்றதில் கொஞ்சம் கொடுத்தான், மிச்சம் நிற்கிறது. பணம் கொடுத்தவர் கடைசியில் முன்சீப் கோர்ட்டிலேயே வழக்குப் போட்டிருக்கிறார். போன மாசம் கோர்ட்டில் இருந்து ஆள் வந்து கடையில் வைத்து எனக்கு ஒரு சாட்சி சம்மன் கொடுத்தார். வழக்கு எண், கோர்ட்டின் பெயர், தேதி, காலை பத்தரை மணி, என்ன சாட்சி சொல்ல வர வேண்டும் என்பது எல்லாம் அச்சில் இருந்தது. போக்குவரத்துக்குப் படிப் பணமும் கட்டியிருந்தார்கள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன். வருகிற 14ஆம் தேதி கடைக்கு லீவு. போய், கையெழுத்து என்னுடையதுதான், மச்சினன் பணம் வாங்கியதை நான் பார்த்தேன் என்று சொல்லப் போகிறேன். வீட்டில் அதற்குத்தான் இப்போது சண்டை.

இப்படிக்கு,
ஒரு பலசரக்குக் கடைக்காரன்,
திருநெல்வேலி மாவட்டம்.

(பெயரும் விலாசமும் தனித்தாளில் எழுதியிருக்கிறேன். அச்சில் போட வேண்டாம், ஸ்டேஷன்காரர்கள் இன்னமும் என் கடையில்தான் சீனி வாங்குகிறார்கள். இப்போது காசு கொடுத்து.)